இரண்டு அமைச்சர்களும் ஒரு வரம்பும்

எங்கள் அமைச்சு அலுவலக வாசலில் குத்துவிளக்கு எரிந்துகொண்டிருந்தது. வன்னிக் காற்றுக்கு நல்ல நேரம் தெரியாது. அதனால் ஒருவர் குனிந்து நின்று, கோப்பு மட்டையொன்றால் சுடரை மறைத்துப் பிடித்திருந்தார். உள்ளே பாற்சோறும் கற்பூரமும் புது வார்னிஷும் கலந்த மணம். புதிய அமைச்சர் பத்து மணி பன்னிரண்டு நிமிடத்துக்குக் கையெழுத்திட வேண்டும். எல்லாரும் கையைத் திருப்பி மணிக்கூட்டையே பார்த்தபடி நின்றார்கள்.

அப்போதுதான் லெட்சுமி அக்கா படியேறி வந்தார். கையில் வெற்றிலைத் தட்டம். கணுக்கால் வரை காய்ந்த சேறு. பின்னால் கண்டாவளைப் பக்கத்திலிருந்து பஸ்ஸில் நின்றபடியே வந்த ஐந்தாறு பெண்கள். மண்டபத்திலிருந்த முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்து முடித்துவிட்டு என்னிடம் வந்தார்.

“பழையவர் எங்க, தங்கச்சி?”

வீட்டில் இருப்பார் என்றேன்.

“அப்ப இவருக்கு ஆர் வரம்பு காட்டுறது?”

பக்கத்தில் நின்ற கமராக்காரர் சிரித்தார். அவர் சிரிக்க மற்றவர்களும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அதை முதலில் எழுதிவிடுகிறேன். பிறகு எழுதினால் மறைத்துவிடுவேன்.

சென்ற கிழமை புதுக்குடியிருப்பு பஸ்ஸில் இரண்டு பேர் கொழும்பில் நடக்கப்போகும் அமைச்சரவை மாற்றத்தைப் பற்றிக் கதைத்துக்கொண்டு வந்தார்கள். யாருக்கு எது போகும், யாரிடமிருந்து எது பறிபோகும் என்று. எனக்கு லெட்சுமி அக்காவின் கணுக்கால் சேறுதான் ஞாபகம் வந்தது. எங்கள் மாகாண சபை கலைந்து வருடங்கள் போய்விட்டன. அந்தச் சேறு மட்டும் இன்னும் உதிரவில்லை.

ஐந்து கதிரைகள்

மாகாண சபையில் முதலமைச்சரோடு சேர்த்து ஐந்து கதிரைகள்தான். கூட்டுச் சேர்ந்து வென்ற கட்சிகளும், மாவட்டங்களும், ஆசைகளும் ஐந்தை விட அதிகம். அமைச்சர் வாரியம் அமைந்த அந்தக் கிழமை முழுக்கத் தொலைபேசிகள் தேனீக்களாக இரைந்தன. கடைசியில் ஒரு ஏற்பாட்டுக்கு வந்தார்கள். எங்கள் விவசாய அமைச்சின் கதிரையில் பதவிக்காலத்தின் முதற்பாதி ஒரு கட்சிக்காரர் இருப்பார். மறுபாதி மற்றக் கட்சிக்காரருக்கு.

நான் முதற்பாதிக்காரரின் தனிப்பட்ட ஆளணியில் இருந்தேன். கிளிநொச்சி உப அலுவலகத்தில் மனுக்களை வாங்கிப் படித்து, சுருக்கி எழுதி, ஆளைத் தேடிப் பதில் சொல்லும் வேலை. கவிதை எழுதுகிற ஒருத்திக்கு மனு படிப்பது நல்ல பயிற்சி. நாலு பக்கம் எழுதிய மனுசியின் உண்மையான வசனம் மூன்றாம் பக்கத்து ஓரத்தில் எங்கேயோ ஒளிந்திருக்கும். அதைக் கண்டுபிடித்துக் கோடிட வேண்டும்.

தனிப்பட்ட ஆளணிக்கு ஒரு விதி உண்டு. அமைச்சர் போனால் நாங்களும் போக வேண்டும். திங்கட்கிழமை பதினொரு மணித் தேத்தண்ணீரோடு செய்தி வந்தது. பாதி வந்துவிட்டது என்று தலைமை சொல்லிவிட்டதாம். அமைச்சர் கோப்பையைக் கீழே வைக்காமலேயே எழுந்து, கோப்பையோடு காருக்குப் போனார். அந்தக் கோப்பை திரும்பி வரவேயில்லை.

புதன்கிழமை புதியவரின் ஆட்கள் வந்து மேசைகளையெல்லாம் கிழக்கே பார்க்கத் திருப்பினார்கள். என் மேசையின் கீழ் லாச்சி பழுது. கொஞ்சம் தூக்கி இழுத்தால்தான் திறக்கும். புதிய செயலாளர் இரண்டு தரம் இழுத்துப் பார்த்துவிட்டு, பூட்டிக் கிடக்குது, திறப்பு இல்லை, பிறகு பாப்பம் என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன். ஒன்றும் சொல்லவில்லை.

எனக்கு வேலை போன கோபம். லாச்சிக்குள் லெட்சுமி அக்காவின் கோப்பு இருந்தது.

தண்ணீரைப் பங்கிடும் விதம்

எங்கள் பக்கத்துச் சிறுபோகத்தைப் பற்றித் தெரியாதவர்களுக்குச் சொல்ல வேண்டும்.

காலபோகம் மழையோடு வரும். எல்லா வயலும் விளையும். சிறுபோகம் அப்படியல்ல. குளத்தில் கிடக்கும் தண்ணீர் எல்லா ஏக்கருக்கும் காணாது. அதனால் வாய்க்காலின் தலைப் பக்கத்து வயல்களில் மட்டும் விதைப்பார்கள். ஆனால் அந்த வயற்காரர்கள் மட்டும் விதைப்பதில்லை. குளத்து விவசாயிகள் பட்டியலில் பேர் உள்ள அத்தனை பேருக்கும் அங்கே பங்கு உண்டு. தன் வயலை ஒரு போகத்துக்கு இன்னொருவனிடம் கொடுத்துவிட்டு வரம்பில் நின்று பார்ப்பது இலேசான காரியமில்லை. இருந்தும் கொடுப்பார்கள்.

கொடுக்கும்போது ஒரு முறை உண்டு. கொடுப்பவர் முன்னால் நடப்பார். வாங்குபவர் பின்னால். இந்த மூலையில் தண்ணீர் நிற்கும், இந்த இடத்தில் வரம்பு கசியும், இந்தப் பற்றைக்குள் பாம்பு உண்டு என்று காட்டிக்கொண்டே போவார். போகம் முடிந்து திருப்பிக் கொடுக்கும்போது ஆள் மாறி நடக்க வேண்டும். இதற்குப் பெயர் வரம்பு காட்டுதல். இருவருக்கும் ஏழு வருடமாகப் பேச்சுவார்த்தை இல்லாவிட்டாலும் வரம்பு காட்டாமல் வயல் கைமாறாது.

லெட்சுமி அக்காவின் ஆட்கள் வாய்க்காலின் வால் பக்கத்தில் இருந்தார்கள். முப்பத்திரண்டு குடும்பங்கள். அவர்களின் பெற்றோர் மலையகத் தோட்டங்களிலிருந்து அடிபட்டு வந்து காடு வெட்டிக் குடியேறியவர்கள். காணிக்கு அனுமதிப்பத்திரம் இல்லை. அதனால் பட்டியலில் பேர் இல்லை. பேர் இல்லாததால் சிறுபோகத்தில் பங்கில்லை. மழைக்கு விதைத்துவிட்டு, வெயிலுக்கு மற்றவர்களின் வயலில் கூலிக்கு இறங்குவார்கள்.

லெட்சுமி அக்கா இரண்டு வருடமாக எங்கள் அலுவலகப் படி ஏறினார். கிராம அலுவலரின் உறுதிப்படுத்தல், வயல் வரைபடம், ஒவ்வொரு குடும்பத்தின் கையொப்பம் எல்லாம் சேர்த்தாயிற்று. தலைப் பக்கத்து வயற்காரரின் கமக்காரர் அமைப்பும், அமைச்சு கடிதம் தந்தால் தாங்கள் மறுக்கவில்லை என்று சொல்லிவிட்டது. அப்படிச் சொன்னது, அமைச்சு ஒருநாளும் தராது என்ற நம்பிக்கையில்.

கடிதம் தட்டச்சாகிவிட்டது. செவ்வாய்க்கிழமை கையெழுத்து. வெள்ளிக்கிழமை சிறுபோகக் கூட்டம். அந்தக் கூட்டத்தில் பேர் ஏறாவிட்டால் அடுத்த வருடம் வரை இல்லை.

திங்கட்கிழமை அமைச்சர் மாறிவிட்டார்.

நேற்றைய தேதி

பதவியேற்பு முடிந்து பாற்சோறு பரிமாறும்போது லெட்சுமி அக்காவை வெளியே கூட்டிவந்து விளங்கப்படுத்தினேன். அமைச்சர்கள் ஒருவருக்கொருவர் வரம்பு காட்டுவதில்லை, போகிறவர் போய்விடுவார், வருகிறவர் தன்பாட்டில் தொடங்குவார் என்று.

“வயல ஒருத்தன் கையில குடுக்கவே காட்டிக் குடுக்கிறம். ஒரு மாகாணத்தை இப்பிடியா குடுப்பினம்?”

எனக்கு ஒரு குறுக்கு வழி தெரிந்தது. மத்தியானம் அவரைக் கூட்டிக்கொண்டு பழைய அமைச்சரின் வீட்டுக்குப் போனேன். கைப்பையில் அமைச்சின் பேர் அச்சிட்ட கடிதத்தாள் இரண்டு. அதைக் கொண்டுபோனது நான்தான்.

அமைச்சர் சாரத்தோடு முன்விறாந்தையில் இருந்தார். இரண்டு நாளில் ஒரு மனிதர் இவ்வளவு சிறுக்க முடியுமா என்று நினைத்தேன். கொடி கழற்றிய கார் வெயிலில் நின்றது. மேசையில் அந்தத் தேத்தண்ணீர்க் கோப்பை இருந்தது.

நான் விஷயத்தைச் சொன்னேன். அவர் உற்சாகமானார்.

“தாளைத் தா பிள்ளை. போன வெள்ளித் திகதி போட்டு எழுது. நான் வைச்சுவிடுறன்.”

பேனையைத் திறந்தேன். லெட்சுமி அக்கா தாளின் மேல் கையை வைத்தார். கோபம் வந்தால் அவர் பேச்சில் மலையகம் ஏறிவிடும்.

“வேணாங்க ஐயா. நேத்துத் தேதியில கையெழுத்து வாங்கிட்டு நாளாண்டைக்குக் கூட்டத்துல நான் எப்படி எந்திரிச்சு நிப்பேன்? ஒருத்தன் எந்திரிச்சுக் கேட்டான்னா முப்பத்திரண்டு குடும்பமும் கள்ளர்தானுங்களே. பேரு வேணும். ஆனா அந்தப் பேரு வேணாம்.”

அப்படியானால் வேறென்ன செய்யலாம் என்று அமைச்சர் கேட்டார். வந்து புதியவருக்கு வரம்பு காட்டச் சொன்னார் லெட்சுமி அக்கா.

“நானோ? அவற்ர வாசல்ல போய் நிக்கிறதோ?”

“வாசலுக்கு வேணாம். வரம்புக்கு வாங்க. அவரும் வருவாரு.”

“அவர் வரமாட்டார்.”

“வந்தா?”

அமைச்சர் கோப்பையை உருட்டிக்கொண்டிருந்தார். அவர் வந்தால் தானும் வருவதாகச் சொன்னார்.

கிணறு

திரும்பும்போது பஸ்ஸில் பையை மடியில் இறுக்கிப் பிடித்தபடி இருந்தேன். கடிதத்தாள் இரண்டும் பைக்குள் சூடாகக் கிடப்பது போலிருந்தது.

யாழ்ப்பாணத்திலிருந்து குளத்துத் திட்டத்தில் காணி கிடைத்து வன்னிக்கு வந்த குடும்பம் எங்களுடையது. போர் நாட்களில் அந்தக் காணியில் இருந்த வீட்டை விட்டு ஓட வேண்டி வந்தது. நாங்கள் புறப்படும் நேரத்தில் இன்னொரு குடும்பம், எங்களுக்கும் பின்னாலிருந்து ஓடி வந்தது, வாசல் படலையில் நின்றது. ஓரிரவு தங்கலாமா என்று கேட்டார்கள்.

அப்பா டிராக்டரில் ஏறியாயிற்று. ஷெல் சத்தம் கிட்டக் கிட்டக் கேட்டது. அம்மா மட்டும் இறங்கி, வந்த பெண்ணைக் கிணற்றடிக்குக் கூட்டிப் போனா. கயிறு இந்த இடத்தில் இத்துப்போயிருக்கு, பார்த்து இழுங்கோ, அடியில் ஒரு கல்லில் வாளி முட்டும், இடப்பக்கம் விடுங்கோ என்று காட்டினா. குசினியில் உப்பு எங்கே என்று காட்டினா. அதற்குப் பிறகுதான் ஏறினா. அப்பா பேசிய பேச்சு இப்போதும் காதில் கேட்கிறது.

அந்தப் பெண்ணின் பேர்கூட எங்களுக்குத் தெரியாது. அவர்கள் வாளியை இடப்பக்கம்தான் விட்டிருப்பார்கள் என்று அம்மா பிறகு கூடாரத்தில் இருந்தபடி சொல்வா. அந்த நினைப்பு அவவுக்கு ஒரு சாப்பாடு போல.

நான் அந்த அம்மாவின் மகள். ஒரு லாச்சியை எப்படித் திறப்பது என்று சொல்லாமல் வந்திருக்கிறேன்.

யார் முன்னால்

பின்னேரம் நாலு மணிக்குப் புதிய அமைச்சரைப் பிடித்தோம். தீவுப் பக்கத்துக் கணித ஆசிரியர். கழுத்தில் மாலை அழுத்திய சிவப்பு இன்னும் மாறவில்லை. லெட்சுமி அக்கா அவரை நாளைக் காலமை வயலுக்கு வரச் சொன்னார். செயலாளர் குறுக்கே வந்து, கிழமை முழுக்க நிகழ்ச்சி நிரல் நிறைந்துவிட்டது என்றார்.

அமைச்சர் ஒன்றைத்தான் கேட்டார்.

“பழையவர் வாறாரோ?”

“நீங்க வந்தா வருவாராம், ஐயா.”

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கணக்குப் போடுகிறார் என்று தெரிந்தது. தான் போகாமல் மற்றவர் போய் வரம்பில் நின்றால், அது என்ன படமாகப் பத்திரிகையில் வரும்? லெட்சுமி அக்கா ஒரு பொய்யும் சொல்லவில்லை. இரண்டு பேரின் பெருமையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டுச் சும்மா நின்றார்.

“எத்தனை மணிக்கு?” என்றார் அமைச்சர்.

வியாழக்கிழமை காலையில் இரண்டு கார்களும் வாய்க்கால் றோட்டில் எதிரெதிராக வந்து நின்றன. ஒன்றில் கொடி. மற்றதில் கொடி இருந்த கம்பி. தலைப் பக்கத்துக் கமக்காரர்களும் வேடிக்கை பார்க்கச் சைக்கிளில் வந்திருந்தார்கள். பனி இன்னும் புல்லில் இருந்தது.

வரம்பு ஒற்றையடி. இரண்டு பேர் அருகருகே நடக்க முடியாது. செயலாளர் முன்னால் வந்து, அமைச்சர் முதலில், மற்றவர்கள் பின்னால் என்று ஒழுங்குபடுத்தினார். புதியவர் காலை எடுத்து வைத்தார்.

“அப்பிடி இல்லை, ஐயா. காட்டுறவர் முன்னால. காணுறவர் பின்னால,” என்றார் லெட்சுமி அக்கா.

செயலாளருக்கு முகம் சிவந்தது. தலைப் பக்கத்துக் கமக்காரர் ஒருவர், கந்தசாமி அண்ணை என்பார்கள், இந்தப் பட்டியல் விஷயத்தில் முதலிலிருந்தே முகம் கொடுக்காதவர், சைக்கிளில் சாய்ந்தபடி சொன்னார்.

“அவா சொல்லுறது சரி. அதுதான் முறை.”

புதியவர் வைத்த காலைப் பின்னால் எடுத்தார். சப்பாத்தைக் கழற்றினார். பழையவர் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு அவரைக் கடந்து முன்னால் போனார். கடக்கும்போது இரண்டு பேரும் விழாமலிருக்க ஒருவர் தோளை ஒருவர் பிடிக்க வேண்டியிருந்தது.

பழையவர் தொடங்கினார். இது மூன்றாம் மதகு என்றார். நாலாவது, ஐயா என்றது லெட்சுமி அக்காவின் குரல். இதுக்குள்ள எப்பவும் தண்ணி நிக்கும் என்றார். அது மேட்டு நிலம், ஐயா. பிறகு அவர் இடது பக்கம் கையை நீட்டினார். நீட்டிய கை அப்படியே நின்றது.

இரண்டு வருடமாக அந்தக் கோப்பு அவர் மேசைக்கு வந்துபோனது. வரைபடத்தில் அவர் விரலும் பட்டிருக்கிறது. வயலில் அவர் கால் பட்டதில்லை.

திரும்பினார். பின்னால் நின்ற புதியவரைப் பார்த்து, தாழ்ந்த குரலில் சொன்னார்:

“நானும் இண்டைக்குத்தான் பாக்கிறன்.”

வரம்பில் ஒரு சிரிப்பும் வரவில்லை. பிறகு புதியவர், அந்த ஆசிரியர், தன் மாணவன் ஒருவனிடம் சொல்வதுபோல் மெல்லச் சொன்னார்: “அப்ப இரண்டு பேருமாப் பாப்பம்.”

லெட்சுமி அக்கா முன்னால் போனார். வால் வரை கூட்டிப் போய், வெடித்துக் கிடந்த வயல்களைக் காட்டினார். முப்பத்திரண்டு குடும்பங்களின் பேரையும் தாளில்லாமல் சொன்னார். பழையவர் ஒவ்வொரு பேருக்கும் தலையாட்டினார். கோப்பில் படித்த பேர்கள் அல்லவா.

“கோப்பு எங்க?” என்று புதியவர் கேட்டார்.

செயலாளர் சொன்னார், அப்படியொரு கோப்பு அலுவலகத்தில் இல்லை, எல்லா அலுமாரியும் பார்த்தாயிற்று என்று.

எல்லோருக்கும் கடைசியில் நான் நின்றேன். வரம்பில் என் பக்கம் திரும்ப வேண்டுமானால் ஒவ்வொருவராகத் திரும்ப வேண்டும். பழையவர் தொடங்க, அப்படித்தான் திரும்பினார்கள்.

“இருக்கு, சேர். என்ர மேசையில, கீழ் லாச்சியில. அது பூட்டில்லை. தூக்கி இழுக்கவேணும். நேற்றே சொல்லியிருக்கவேணும், சொல்லேல்லை.”

வெள்ளிக்கிழமையும் அதற்குப் பிறகும்

வியாழன் மத்தியானமே என் இடத்துக்கு வந்திருந்த பெண்மணிக்கு லாச்சியைத் திறந்து காட்டினேன். வவுனியாவிலிருந்து வந்தவர், என்னிலும் மூத்தவர். முதல் தரம் அவருக்கு வரவில்லை. இரண்டாம் தரம் திறந்தது. புதிய அமைச்சர் அன்றைய திகதி போட்டுக் கையெழுத்து வைத்தார். கடிதத்தாள் இரண்டையும் மேசையில் வைத்தேன். மனுக்காரர்களின் தொலைபேசி எண்கள் இருந்த என் கொப்பியையும் வைத்தேன். பிறகு மூன்று நாள் போய், எந்த அலுமாரியில் எது, யார் வந்தால் முதலில் தண்ணீர் கொடுக்க வேண்டும், யார் சொல்லாமலே போய்விடுவார்கள் என்று காட்டினேன். யாரும் கேட்டு நான் போகவில்லை.

வெள்ளிக்கிழமை கூட்டத்தில் கடிதம் வாசிக்கப்பட்டதும் சத்தம் எழுந்தது. அமைச்சர் மாறின கையோடு எப்படிக் கடிதம் வந்தது, எந்தத் திகதி என்று ஒருவர் கேட்டார். லெட்சுமி அக்கா எழுந்து நின்றார்.

“நேத்தைய திகதி. நேத்துத்தான் வைச்சவர். நீங்களும் வரம்பில நிண்டனீங்கள்.”

பேர்கள் ஏறின. குடும்பத்துக்கு அரை ஏக்கர். அந்த ஒரு போகத்துக்கு மட்டும். அடுத்ததற்குத் திரும்பவும் கேட்க வேண்டும் என்ற நிபந்தனையோடு. லெட்சுமி அக்கா திரும்பவும் கேட்டார். அதற்கடுத்த வருடமும் கேட்டார். அனுமதிப்பத்திரம் இன்றுவரை எல்லோருக்கும் கிடைக்கவில்லை. கேட்பதை அவர் நிறுத்தவுமில்லை.

அந்த முதல் சிறுபோகத்தில் அவருக்கு விழுந்த பங்கு, கந்தசாமி அண்ணையின் வயலில். அவர் வரம்பு காட்டும்போது ஒரு வார்த்தை கூடுதலாகப் பேசவில்லை. விரலால் காட்டினார், போனார்.

நெல் வெட்டு முடிந்து வயல் திருப்பிக் கொடுக்கும் நாளில் அக்கா என்னையும் வரச் சொன்னார். காய்ந்த வைக்கோல் மணம். ஒட்ட அறுத்த நெல் தாள்கள் காலில் குத்தின. முறைப்படி அன்றைக்கு லெட்சுமி அக்கா முன்னால். தன் வயலில் தானே பின்னால் நடந்து வந்தார் கந்தசாமி அண்ணை. நான் கடைசியில்.

கிழக்கு மூலையில் அக்கா நின்றார். மண்வெட்டியால் ஒரு கொத்துப் புல்லை விலக்கினார். கையளவு வளை ஒன்று, வரம்பை ஊடுருவி மற்றப் பக்கம் வரை.

“நண்டு வளை. உங்கட தண்ணியில பாதி இதாலதான் போயிருக்கு, அண்ணை. நான் அடைச்சுப் பாத்தனான், திரும்பத் தோண்டுது. ஒவ்வொரு போகமும் முதல்ல இதைப் பாருங்க.”

கந்தசாமி அண்ணை குனிந்தார். வளைக்குள் கையை விட்டார். முழங்கை வரை போனது.

எவ்வளவு காலமாக இருந்திருக்கும் என்று அவர் கேட்கவில்லை. சேறு ஒட்டிய கையை எடுத்துப் பார்த்துவிட்டு, எழுந்து, “ம்ம். மற்ற மூலையையும் காட்டுங்கோ,” என்றார்.

அக்கா முன்னால் நடந்தார்.